நன்னம்பிக்கை முனைக் காணிச் சண்டையை வகுப்பில் எடுப்பது எப்படி

திருகோணமலையில் வரலாறு படிப்பிக்கும் எனக்கு ஒரு வசதி உண்டு. கோணேசர் கோயிலுக்குப் போகிற எந்தப் பிள்ளையும் கோட்டை வாசலைத் தாண்டித்தான் போகவேண்டும். 1639இல் இங்கிருந்த கோட்டையைப் போர்த்துக்கேயரிடமிருந்து பிடித்த அதே ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனிதான் 1652இல் தன் அதிகாரி யான் வான் ரீபெக்கை ஆபிரிக்காவின் தெற்கிலுள்ள நன்னம்பிக்கை முனையில் இறக்கியது. இதைச் சொல்லிவிட்டுக் கப்பலை மறந்துவிடுங்கள். கப்பலோடு போனால் வந்தவர்களின் கதைதான் மிஞ்சும்.

முதலில் பிரிஸ்டல் போர்டில் மேசை மலையையும் லீஸ்பீக் ஆற்றையும் கீறச் சொல்லுங்கள். அப்புறம் அங்கே மாடு மேய்த்து வாழ்ந்த பழங்குடிகளான கொய்கொய் மக்கள் பட்டிகளை மேய்ச்சலுக்குச் சாய்த்த வழிகளை அம்புக்குறியாகப் போடட்டும். மூதூர், கிண்ணியாப் பிள்ளைகளுக்கு இது உடனே பிடிபடும். வயல் விதைத்தால் மாட்டை வேறு மேய்ச்சல்தரைக்குக் கொண்டுபோக வேண்டும் என்பது அவர்கள் வீட்டில் நடக்கிற காரியம். இப்போது ஆற்றங்கரையில் ஒன்பது கட்டம் போட்டு, 1657 என்று எழுதுங்கள். கம்பனி வேலையிலிருந்து விடுவிக்கப்பட்ட ஒன்பது பேருக்கு அங்கே காணி கொடுத்த வருடம் அது. கட்டம் எந்த அம்பை மறிக்கிறது என்று பிள்ளைகளே காட்டுவார்கள். நீங்கள் வாய் திறக்க வேண்டாம்.

கொய்கொய் மக்களும் ஒல்லாந்தரும் மோதிய 1659 சண்டைக்குக் கொய்கொய் தலைவர் டோமானைப் பிடித்துக்கொள்ளுங்கள். ஒல்லாந்தருக்கு மொழிபெயர்ப்பாளராக இருந்து பத்தாவியா (இன்றைய ஜகார்த்தா) வரை போய் வந்தவர். திரி நனைந்தால் துவக்கு வெடிக்காது என்று தெரிந்துவைத்து, மழை நாளாகப் பார்த்து அடித்தார். பழங்குடி என்றால் ஒன்றும் தெரியாதவர்கள் என்ற நினைப்பு இந்த இடத்தில்தான் உடையும். ஓட்டமாகக் கடந்துவிடாதீர்கள்.

1660 சமாதானப் பேச்சுக்கு ஒரு பாடவேளை முழுக்க வையுங்கள். நாங்கள் ஒல்லாந்துக்கு வந்து இப்படிச் செய்தால் விடுவீர்களா என்று கொய்கொய் தலைவர்கள் கேட்டது ரீபெக்கின் நாட்குறிப்பிலேயே இருக்கிறது. சண்டையில் வென்றோம், காணி எங்களுடையது என்பதுதான் கிடைத்த பதில். இதைப் பட்டிமன்றமாக்கி இரண்டு கட்சி பிரிக்காதீர்கள், எனக்கு அதில் உடன்பாடே இல்லை. பதிலை வாசித்துக்காட்டி, அந்தத் தலைவர்கள் என்ன மறுமொழி சொல்லியிருப்பார்கள் என்று எழுத விடுங்கள்.

மாடு உள்ளே வராமல் அந்த வருடமே கம்பனி நட்ட காட்டு வாதுமை வேலியின் மிச்சம் கேப் டவுன் கேர்ஸ்டன்பொஷ் பூங்காவில் இன்றும் நிற்கிறது. போனில் அதன் படத்தைத் தேடிக் காட்டலாம்.

சரி, அடுத்த பாடம் கென்யா. அங்கேயும் முதலில் மாடு மேய்க்கும் மாசாய் மக்களின் மேய்ச்சல், பிறகுதான் பிரிட்டிஷார். 1904 ஒப்பந்தத்தில் மாசாய் இனம் இருக்கும்வரை உங்களுக்கே என்று எழுதிக் கொடுத்த இடங்களில் லைக்கிப்பியாவும் ஒன்று. 1911இல் இன்னொரு ஒப்பந்தம் போட்டு அங்கிருந்தும் தெற்கே அனுப்பினார்கள். இரண்டு வருடத்தையும் ஒரே அட்டையில், ஒரே நிறத்தில் குறிக்கச் சொல்லுங்கள்.