எழுதினால் நடந்துவிடும் கூட்டம்: கதை எழுதுவோருக்கு ஒரு பத்திர எழுத்தர் சொல்லும் வழி

சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிரே புங்கமரத்தடியில் மேசை போட்டு 31 வருஷம் பத்திரம் எழுதியவன் நான். இப்போது ஞாயிற்றுக்கிழமைகளில் கதை எழுதும் பிள்ளைகளோடு நூலகத்தில் உட்காருகிறேன். அவர்களில் நாலைந்து பேருக்கு ஒரே ஆசை. எழுதியது எழுதியபடி நடந்துவிடும் வரம் பெற்ற எழுத்தர்கள், அவர்களுக்கென்று ஒரு ரகசியக் கூட்டம். கொண்டுவரும் கதைகளில் கறுப்பு அங்கி இருக்கும், சுரங்க அறை இருக்கும். எழுத்து வேலை மட்டும் இருக்காது. இந்தக் கதையை எப்படிக் கட்டலாம் என்று அவர்களுக்குச் சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில், பிழையிலிருந்து தொடங்குங்கள்.

1994இல் அண்ணன் தம்பி இருவருக்குப் பாகப்பிரிவினைப் பத்திரம் எழுதினேன். தம்பி பாகத்தின் நான்குமாலில், அதாவது நாலு பக்க எல்லை விவரத்தில், 'வாய்க்காலுக்குக் கிழக்கு' என்று வர வேண்டிய இடத்தில் 'மேற்கு' என்று எழுதிவிட்டேன். முழுவதும் படித்துக் காட்டினேன். யார் காதிலும் அது தட்டவில்லை. பதிவாகிவிட்டது. மண் இருந்த இடத்திலேயே இருந்தது, இரண்டு மாமரமும் நின்ற இடத்திலேயே நின்றன. ஆனால் அண்ணன் வேலி போட்டார். பிழைத்திருத்தல் பத்திரம் எழுதி முடிப்பதற்குள் நாலு வருஷம் ஓடிவிட்டது. அந்த நாலு வருஷமும் ஒரு வீட்டுக் கல்யாணத்துக்கு மறு வீட்டார் போகவில்லை. ஒரு சொல்தான். அந்தச் சொல்லை இன்றைக்கும் என் கையெழுத்தில் என்னால் பார்க்க முடியும்.

ஆகவே உங்கள் கூட்டம் பிழையைப் பிடிப்பதற்காகவே உண்டானது என்று வைத்துக்கொள்ளுங்கள். பதவிகள் தாமாக வந்துவிடும். சோழர் காலத்து ஓலை நடைமுறையே இதற்குப் போதும். அரசன் வாய் திறந்து சொல்வதைக் கேட்டுக்கொள்பவர் திருவாய்க்கேள்வி. அதை ஓலையில் எழுதுபவர் திருமந்திர ஓலை. அவருக்கு மேலே திருமந்திர ஓலைநாயகம். பிறகு வரிக் கணக்கில் ஏற்றுவார்கள். அதோடும் முடியாது. கொடுத்த நிலத்தின் எல்லை நெடுகப் பெண்யானையை நடத்தி, கள்ளியும் கல்லும் நாட்டினார்கள் என்று செப்பேடுகள் சொல்கின்றன. 'பிடி' என்றால் பெண்யானை, 'பிடி சூழ்ந்து' என்பது அந்த நடைமுறைக்குப் பெயர். கேட்பவர் ஒருவர், எழுதுபவர் ஒருவர், ஒப்புபவர் ஒருவர், நடந்து காட்டுவது யானை. இத்தனையும் முடிந்தால்தான் எழுதியது உலகத்தில் ஏறும் என்று விதி வையுங்கள். துரோகம் நுழைய எத்தனை வாசல் கிடைக்கிறது பாருங்கள். நான் எழுதினால் திருவாய்க்கேள்வியைத்தான் துரோகியாக்குவேன். காதில் விழுந்ததைக் கொஞ்சம் மாற்றிச் சொன்னாலே போதும், எழுதியவன் கை சுத்தமாக இருக்கும்போதே உலகம் கெட்டுவிடும்.

அடுத்தது எழுதும் பொருள். பனையோலையை எடுத்துக்கொள்ளுங்கள். காகிதத்தைவிட அதில் விதிகள் அதிகம், விதி அதிகமானால் கதையும் அதிகம். ஓலையில் புள்ளி வைக்க மாட்டார்கள், எழுத்தாணி குத்தினால் ஓலை கிழியும். பழைய முறையில் எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வேறுபாடே அந்தப் புள்ளிதான். புள்ளி வைத்தால் குறில், வைக்காவிட்டால் நெடில். இன்று நாம் எழுதும் 'ஏ' வடிவமும் இரட்டைச் சுழிக் கொம்பும் 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த திருத்தத்திலிருந்து வந்தவை. அதற்கு முந்தைய ஓலையில் 'ஏரி' என்று எழுதினாலும் 'எரி' என்று எழுதினாலும் கண்ணுக்கு ஒன்றுதான்.

இதைக் கதைக்குள் வைத்துப் பாருங்கள். மழை பொய்த்த ஓர் ஊர். இளம் எழுத்தன் ஒருவன் இரக்கப்பட்டு, யாரையும் கேட்காமல், 'ஊர் நடுவே ஏரி எழுக' என்று எழுதுகிறான். அவன் மனத்தில் தண்ணீர் இருக்கிறது. ஓலையில் இருப்பதோ இரண்டுக்கும் பொதுவான கோடு. உலகம் அதை எப்படிப் படிக்கும்? மூத்தவர்கள் 'ஏரி' என்ற சொல்லையே தொடமாட்டார்கள், 'குளம்' என்றுதான் எழுதுவார்கள். அவன் அந்தப் பாடத்துக்கு வரவில்லை. இப்படி ஒரு காரணம் கையில் இருந்தால் மந்திரத்தை நீங்கள் விளக்கவே வேண்டாம்.

எந்தச் சொல்லில் தொடங்குவது என்பதற்கும் விதி இருக்கிறது. அதை நான் கற்பனை செய்யவில்லை. பிரபந்தங்களுக்கு இலக்கணம் சொல்லும் பாட்டியல் நூல்கள் ஒரு நூலின் முதற்சீருக்குப் பத்துப் பொருத்தம் பார்க்கச் சொல்கின்றன. அதில் உண்டிப் பொருத்தம் என்று ஒன்று. அ, இ, உ, எ போன்றவை அமுத எழுத்து. யா, யோ, ரா, ரோ, லா, லோ போன்றவை நச்செழுத்து. அப்படியானால் உங்கள் எழுத்தர் 'யாவரும் வாழ்க' என்று தொடங்க முடியாது. முதல் எழுத்திலேயே நஞ்சு. 'எல்லாரும் வாழ்க' என்றால் பழுதில்லை. நல்ல எண்ணம் மட்டும் போதாது, எழுத்தும் நல்லதாக அமைய வேண்டும் என்று நம்பிய மரபு இது. நந்திக் கலம்பகம் பாடக் கேட்டுப் பல்லவன் நந்திவர்மன் உயிர்விட்டான் என்ற கதையும், வைகையில் விட்ட சம்பந்தரின் ஏடு எதிரேறித் திருவேடகத்தில் ஒதுங்கியது என்ற கதையும் இந்த நம்பிக்கை ஊறிய மண்ணில்தான் உலவுகின்றன.

அடையாளக் குறிக்கு முத்திரை மோதிரம் வேண்டாம். அந்தக் காலத்தில் எழுத்தாணி பிடித்தவர்கள் இடது கட்டைவிரல் நகத்தை வளர்த்து, ஆணி பதிந்து நிற்க அதில் ஒரு சிறு வெட்டு வைப்பார்கள். சந்தையில் காசு எண்ணி வாங்கும்போது அந்த நகம் தெரிந்தால் போதும், ஒருவரை ஒருவர் கண்டுகொள்வார்கள். கூட்டத்தைவிட்டு விலக்குவது என்றால் நகத்தை ஒட்ட வெட்டிவிடுவது. அது வளர்ந்து வரும் மாதங்கள்தான் தண்டனைக் காலம்.

மையை மறக்காதீர்கள். எழுத்தாணி கீறியதும் எழுத்து கண்ணுக்குப் பிடிபடாது. கரியும் இலைச்சாறும் குழைத்துத் தடவித் துடைத்தால்தான் கீறலில் மை தங்கி எழுத்து எழும்பும். மை ஏறும்வரை எழுதியது நடக்காது என்று வைத்துக்கொண்டால், கீறலுக்கும் மைக்கும் நடுவே ஒரு இரவு உங்கள் கையில் இருக்கிறது. மனம் மாற, ஓலையைத் திருட, காலில் விழ அந்த இரவு போதும்.

நடையைப் பற்றி ஒரு வார்த்தை. கட்டளை வாசகம் கவிதையாக இருக்கவே கூடாது. கல்வெட்டைப் படியுங்கள். 'சந்திராதித்தவல்' என்று காலத்தை அளப்பார்கள், சந்திரனும் சூரியனும் உள்ளவரை. அழித்தவன் கங்கைக்கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தில் போவான் என்று முடிப்பார்கள். நாங்களும் 'புத்திர பௌத்திர பாரம்பரியமாய் ஆண்டு அனுபவித்துக்கொள்ள வேண்டியது' என்றுதான் எழுதினோம். யார், யாருக்கு, எது, எங்கிருந்து எதுவரை, எத்தனை காலம். இந்த ஐந்தும் இல்லாத வாக்கியத்தை உங்கள் ஓலைநாயகம் திருப்பி அனுப்ப வேண்டும். அப்படித் திருப்பி அனுப்பும் காட்சி ஒன்றாவது கதையில் இருக்கட்டும்.

கடைசியாக, ஓலைக்கு ஆயுசு உண்டு. செல்லரிக்கும், ஓரம் முறியும். அதனால் பழையதைப் பார்த்துப் படியெடுத்துவிட்டு, பழைய ஏட்டை ஆடிப்பெருக்கில் ஆற்றில் விடுவது அந்நாளில் வழக்கமாக இருந்தது. எழுதியதால் நிற்கும் ஒரு ஊர், ஒரு வாய்க்கால், ஒரு மனிதர், அந்த ஏடு உதிர்ந்தால் என்ன ஆவார்? கூட்டத்தின் தினசரி வேலையே படியெடுப்பதுதான் என்று வையுங்கள். முதல் காட்சியையும் அங்கேயே தொடங்குங்கள். ஆடி 17, இரவு. விடிந்தால் ஆற்றில் விட வேண்டிய ஓலைக் கட்டுக்குள் இன்னும் மூன்று ஏடு படியெடுக்கப்படாமல் கிடக்கிறது. மூன்றாவது ஏட்டில் இருப்பது, எழுதிக்கொண்டிருப்பவனுடைய அம்மாவின் பெயர்.