சனிக்கிழமை மூன்று மணி ஆட்டத்தை வானொலியில் கேட்க

இங்கிலாந்தில் சனிக்கிழமை பிற்பகல் 2.45 முதல் 5.15 வரை கால்பந்து ஆட்டங்களைத் தொலைக்காட்சியில் நேரடியாக ஒளிபரப்பத் தடை இருப்பதால், மூன்று மணிக்குத் தொடங்கும் பிரீமியர் லீக் ஆட்டங்களை வீட்டிலிருந்தபடியே பின்தொடர வானொலியே உற்ற துணை. பிபிசி ரேடியோ 5 லைவ், டாக்ஸ்போர்ட் ஆகிய இரண்டும் நேர்முக வர்ணனை தருகின்றன; 1927 ஜனவரி 22 அன்று ஹைபரி மைதானத்தில் ஆர்சனல், ஷெஃபீல்டு யுனைடெட் அணிகள் மோதிய ஆட்டத்தில் தொடங்கிய மரபு இது.

5 லைவை மத்திய அலையில் 693 அல்லது 909 கிலோஹெர்ட்ஸில் கேட்பதே என் முதல் பரிந்துரை. டிஜிட்டல் வானொலி சில விநாடிகள் பிந்தும். பிபிசி சவுண்ட்ஸ் போன்ற செயலிகளோ அதைவிடக் கூடுதலாகப் பிந்துவதால், வர்ணனையாளர் பந்து கோலை நோக்கிப் போவதைச் சொல்வதற்கு முன்பே கைபேசியில் கோல் அறிவிப்பு ஒலித்துவிடும். ஆகவே, செயலியில் கேட்பவர்கள் ஸ்கோர் அறிவிப்புகளை முன்கூட்டியே அணைத்து வைப்பது நல்லது.

ஒளிபரப்பு உரிமைக் கட்டுப்பாடு காரணமாக, 5 லைவின் கால்பந்து வர்ணனை பிரிட்டனுக்கு வெளியே இணையத்தில் பொதுவாகக் கிடைப்பதில்லை. வெளிநாட்டில் இருப்பவர்கள் தங்கள் அணியின் அதிகாரபூர்வ இணையதளத்திலோ செயலியிலோ ஒலி வர்ணனை உண்டா என்று ஆட்டத்துக்கு முந்தைய நாளே பார்த்துவிட வேண்டும். சில கிளப்புகள் இதற்குக் கட்டணம் பெறுகின்றன.