கல்யாணப் பொண்ணுக்கு நம்ம ஊரு ட்ரெஷர் ஹன்ட்: மொதல் தடவை பண்றவங்களுக்கு

என் சித்தி பொண்ணுக்குக் கல்யாணம் முடிவானதும் மதினிமாரு, காலேஜ் தோழிக எல்லாரும் பேச்சிலரெட் பார்ட்டி வைக்கணும்னு ஒரே பிடியா நின்னாவ. ரூம் போட்டு கேக் வெட்டுறதுல எங்க யாருக்கும் மனசு போகல. அவ பொறந்து வளந்த திருநெல்வேலி டவுன விட்டுட்டு கோயம்புத்தூருக்குப் போகப்போறா, அதனால அந்தத் தெருவுலயே அவள ஒரு சுத்து சுத்தவிட்டு, ஒரு க்ளூவுக்கு விடை கண்டுபிடிச்சா அடுத்த இடம் தெரியுற மாதிரி ட்ரெஷர் ஹன்ட் வைப்போம், கடைசி இடத்துல பரிசு இருக்கும்னு முடிவு பண்ணினோம். எப்படிப் பண்ணினோமோ அத அப்படியே சொல்லுதேன்.

மொதல்ல நாள். பந்தக்கால் நட்டாச்சுன்னா நெறைய வீட்டுல பொண்ண வெளிய அனுப்ப மாட்டாவ, அதனால அதுக்கு ஒரு வாரம் முன்னாடியே வச்சிருங்க. நேரம் சாயங்காலம் நாலு மணி சரியா இருக்கும், வெயிலும் தணிஞ்சிருக்கும். பத்து பேருன்னா ரெண்டு டீமாப் பிரிங்க, ஒவ்வொரு டீம்லயும் டவுன் தெரிஞ்ச ஒருத்தி கண்டிப்பா வேணும், வெளியூரு தோழிக ரத வீதியில எது எங்க இருக்குன்னு தெரியாம நின்னுருவாவ.

அடுத்து க்ளூ. இதுலதான் நீங்க நேரம் செலவழிக்கணும். நெட்ல இருந்து எடுத்த க்ளூ வேண்டவே வேண்டாம். பொண்ணுக்குத் தெரியாம அவ அம்மாகிட்ட, ஆச்சிகிட்ட, ஸ்கூல் தோழிகிட்ட தனித்தனியா உக்காந்து பேசுங்க: சின்ன வயசுல எங்க விழுந்தா, எந்தக் கடையில கடன் சொல்லி மிட்டாய் வாங்குனா, யாருக்குப் பயந்து மச்சுல போயி ஒளிஞ்சா, இப்படி. எங்க ஆச்சி ஒரு மணி நேரம் பேசினாவ, அதுலயே நாலு க்ளூ கெடச்சிட்டு. மீதிய ஊர வச்சு விடுகதையா எழுதினோம். அதுல சிலது:

"மழை வெள்ளத்துல நெல்லு போகாம வேலி போட்டவரு வீட்டு வாசல்ல, மல்லிகைப்பூ விக்கிற அக்காவக் கேளு." (நெல்லையப்பர் கோயில் வாசல்.)

"மேல்மாடியில பஸ் போவும், கீழ்மாடியில சைக்கிள் போவும், அதுக்கும் கீழ ரயிலு போவும், ஆனா ஒரு வீடும் இல்ல." (ஜங்ஷன் ஈரடுக்குப் பாலம்.)

"பொண்டாட்டி நகை ஆத்துக்கு மேல பாதையாச்சு, கட்டுனது யாரு?" 1843ல திறந்த சுலோச்சன முதலியார் பாலம்தான் விடை, அவரு சொந்தக் காசோட வீட்டுக்காரம்மா நகையையும் குடுத்ததா ஊருல சொல்லுவாவ, நகை நகைன்னு கல்யாண வீடே பேசிட்டு இருக்க நேரத்துல இந்தக் கேள்விக்கு எல்லாரும் சிரிச்சுட்டாவ. பாலத்து விடை ரெண்டையும் வாட்ஸப்ல அனுப்பினாப் போதும், நேர்ல போகச் சொல்லாதீங்க, வண்டி நெருக்கடியில பொண்ணுகள நிப்பாட்டக் கூடாது.

மொத்தம் ஏழு க்ளூ போதும். ஒண்ணுக்குப் பதினஞ்சு நிமிஷம்னு வச்சா கிட்டத்தட்ட ஒண்ணே முக்கா மணி நேரம். அதுக்கு மேல போனா கால் வலி வந்து ஆசை போயிரும். எழுதும்போது கடைசி இடத்துல இருந்து பின்னாடியே எழுதிட்டு வாங்க, அப்பத்தான் எந்த க்ளூ எந்த இடத்துக்கு அனுப்புதுன்னு கொழம்பாது. ரெண்டு டீமுக்கும் வரிசைய மாத்திக் குடுங்க, கவரு மேல டீம் பேரும் நம்பரும் எழுதுங்க.

க்ளூவ எங்கயும் ஒளிச்சு வைக்காதீங்க. ஒத்திகைக்கு ஒரு கவர முற்றத்துத் தொட்டிக்குக் கீழ வச்சேன், காலையில தண்ணி தெளிச்சதுல மை முழுக்க கரைஞ்சிட்டு. அதுக்குப் பொறவு பூக்கார அக்கா, வளையல் கடை அண்ணாச்சி, டைலர்னு ஆளு கையிலயே குடுத்தோம். முந்தின நாளே போயி விஷயத்தச் சொல்லி, போன் நம்பரும் வாங்கிக்கோங்க. கோயிலுக்கு உள்ள மட்டும் எதுவும் வைக்க வேண்டாம், கும்பிட வர்றவங்களுக்கு இடைஞ்சல்.

நடுவுல பொருள் சேக்கிற வேலையும் குடுங்க: கூறைப்புடவை கலருல ஒரு டஜன் கண்ணாடி வளையல், ஒரு துண்டு சில்லுக்கருப்பட்டி, கல்யாணமாகி இருபத்தஞ்சு வருஷமான ஒரு அம்மாகிட்ட ஒரு வரி யோசனை. வளையல் கடையில முன்னப்பின்ன தெரியாத ஒரு அம்மா எங்க பொண்ணு கையப் பிடிச்சுட்டு பத்து நிமிஷம் பேசினாவ, அவ கண்ணு கலங்கிட்டு. பத்து நிமிஷத்துக்கு மேல விடை தெரியாம நின்னா ஒரு குறிப்பு குடுங்க. தனியா யாரும் போகக்கூடாதுன்னு முன்னாடியே சொல்லிருங்க.

பரிசு. நாங்க வச்சது பத்தமடைப் பாய், பொண்ணு மாப்பிள்ளை ரெண்டு பேரு பேரும் போட்டு நெய்தது. கைத்தறியில நெய்யிறதால நாளாகும், நிச்சயம் முடிஞ்ச கையோட சொல்லி வச்சிருங்க. கடைசி க்ளூ இதுதான்:

"ஆத்தங்கரையில கோரையா நின்னேன், இப்ப ஒம்பேரையும் அவரு பேரையும் சொமந்துட்டு நீ ஒளிஞ்ச இடத்துல சுருண்டு கெடக்கேன்."

படிச்சதும் ஒரே ஓட்டமா வீட்டு மச்சுக்கு ஏறிட்டா. நாங்க பின்னாடி போறதுக்குள்ள பாய விரிச்சு பேரு மேல கைய வச்சுட்டு உக்காந்திருந்தா. இருட்டுக்கடையில க்யூல நின்ன தம்பி அல்வாவோட வந்து சேரவும், அந்தப் பாய்லயே சுத்தி உக்காந்து தின்னோம்.