எங்கள் ரங்கூன் அடுப்பில் பஞ்சாபிக் கோழிக்கறி

கல்யாணமாகி நான் குடிவந்தது அனோரதா சாலைப் பக்கம் ஒரு மூன்றாவது மாடி வீட்டுக்கு. எதிர்வீட்டில் ஒரு சீக்கியக் குடும்பம். அந்த வீட்டுப் பெரியவரை எல்லாரும் பீஜி என்பார்கள்; பஞ்சாபியில் அம்மா என்று அர்த்தம். நானும் அப்படியே கூப்பிட்டேன். அவருக்குத் தமிழ் தெரியாது, எனக்குப் பஞ்சாபி தெரியாது. இரண்டு பேருக்கும் நடுவில் பர்மிய பாஷைதான். ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்கு மேல் அவர் வீட்டில் வெங்காயம் வதங்க ஆரம்பித்தால் படிக்கட்டு முழுக்க மணக்கும். ஒரு நாள் வெட்கத்தை விட்டு உள்ளே போய் அடுப்புக்குப் பக்கத்தில் நின்றேன். அவர் ஒன்றும் கேட்கவில்லை, கரண்டியை என் கையில் கொடுத்தார். அப்படிக் கற்ற கறி இது.

முதலில் ஒன்று. நிறையப் பேர் பஞ்சாபிக் கோழி என்றதும் பட்டர் சிக்கனை நினைக்கிறார்கள். அது 1947 பிரிவினைக்குப் பிறகு டெல்லி ஹோட்டல்களில் பேர் வாங்கிய பதார்த்தம். பீஜி வீட்டில் செய்தது, பஞ்சாப் கிராமத்து வீடுகளில் செய்கிற மாதிரி, குழம்பு ஓடுகிற கறி. அந்தக் குழம்பை ‘தரி’ என்பார்கள். இதில் கிரீம் கிடையாது, முந்திரி கிடையாது, சர்க்கரை கிடையாது. தெயின்ப்யூ சாலை குருத்வாராவுக்குப் போனாலும் இது கிடைக்காது. அங்கே எல்லாருக்கும் பந்தி போடுகிற லங்கரில் சைவச் சாப்பாடுதான் போடுவார்கள். வீட்டில் செய்தால்தான் உண்டு.

சரி, சாமான்களுக்கு வருவோம். நான்கு பேருக்கு அரை வீசைக் கோழி போதும். நம் வீசை 1.63 கிலோ, ஆகவே பாதி என்றால் 800 கிராம் சொச்சம். எலும்போடு, தோல் உரித்து, பத்துப் பன்னிரண்டு துண்டாகப் போட்டுத் தரச் சொல்லுங்கள். எலும்பில்லாத கறி வேண்டாம். தரிக்குச் சாறு எலும்பிலிருந்துதான் வருகிறது. நாட்டுக்கோழி கிடைத்தால் அதுவே மேல், வேக மட்டும் கூடுதல் நேரம் பிடிக்கும்.

மசாலா சாமான் எல்லாம் தெய்ன்ஜி ஜே சந்தையில் ஒரே நடையில் வாங்கிவிடலாம். காளியம்மன் கோயிலில் கும்பிட்டுவிட்டு அப்படியே சந்தைக்குள் போவது என் வழக்கம். 1871-இல் நம் ஆட்கள் கட்டிய கோயில், அந்தத் தெருவில் மசாலா வாசனை இல்லாத நாளை நான் பார்த்ததில்லை. வாங்க வேண்டியது: பெரிய கறுப்பு ஏலக்காய், பட்டை, கிராம்பு, பிரிஞ்சி இலை, சீரகம், மல்லித்தூள், மிளகாய்த்தூள், காய்ந்த வெந்தயக்கீரை. இந்தக் கடைசிச் சாமானைக் கசூரி மேத்தி என்று கேளுங்கள். கசூர் என்பது ஓர் ஊர், இன்று பாகிஸ்தான் பஞ்சாபில் இருக்கிறது. கறுப்பு ஏலக்காயைக் கட்டாயம் வாங்குங்கள். அதில் புகை வாசனை இருக்கும், பச்சை ஏலக்காய் அதற்கு ஈடாகாது.

மிளகாய்த்தூளில் கவனம் வேண்டும். இங்கே விற்கிற பர்மிய மிளகாய்த்தூள் கொரகொரப்பு, காரமும் கடுமை. பஞ்சாபிக் கறிக்குக் காரத்தைவிட நிறம்தான் முக்கியம். காஷ்மீர் மிளகாய்த்தூள் கிடைக்காத நாளில் நீட்டு வத்தல் ஆறேழு எடுத்து, விதையைத் தட்டிவிட்டு, வெந்நீரில் அரை மணி நேரம் ஊறவைத்து அரைத்துக்கொள்வேன். நிறம் நன்றாக வரும், நாக்கும் எரியாது.

தயிர் வாங்கும்போது சர்க்கரை போடாத தயிரா என்று கேட்டு வாங்குங்கள். இங்கே கடைத் தயிர் பாதி இனிப்பாகவே வருகிறது. என் நாத்தனார் குடும்பம் விருந்துக்கு வந்த அன்று அவசரத்தில் ருசி பார்க்காமல் ஊற்றிவிட்டேன். கறி முழுக்க ஒரு தித்திப்பு. எலுமிச்சை பிழிந்தும் உப்பைக் கூட்டியும் சரிவரவில்லை. அன்று முதல் தயிரை விரலில் தொட்டு நக்கிப் பார்க்காமல் சட்டிப் பக்கமே கொண்டுபோவதில்லை.

கோழியைக் கழுவி நீரை நன்றாக வடித்து, ஒரு டீஸ்பூன் உப்பு, அரை டீஸ்பூன் மஞ்சள், தயிர் நான்கு மேசைக்கரண்டி, இஞ்சி பூண்டு விழுது ஒரு மேசைக்கரண்டி போட்டுப் பிசறி மூடிவையுங்கள். ஒரு மணி நேரம் போதும். ராத்திரி முழுக்க ஊறட்டும் என்று சொல்வார்கள். நம் ஊரில் மின்சாரம் முறை வைத்து வருகிறது, ஃபிரிட்ஜை நம்பி ராத்திரி முழுக்கக் கோழியை வைக்க எனக்குத் தைரியம் இல்லை. அதே காரணத்தால் மிக்ஸியையும் நம்பாதீர்கள். இஞ்சி இரண்டு அங்குலம், பூண்டு பெரிய பல்லாகப் பன்னிரண்டு, இரண்டையும் கல் உரலில் இடித்துக்கொள்ளுங்கள். பிசறலுக்குப் போக மீதி தாளிக்க வேண்டும். இடித்த விழுது நார் நாராக இருக்கும், இந்தக் கறிக்கு அப்படி இருப்பதுதான் பொருத்தம்.

வெங்காயம் 300 கிராம். மிஞ்சான் பக்கத்திலிருந்து வருகிற சின்னச் சிவப்பு வெங்காயம் இதற்கு அருமை, நீர் குறைவு, சீக்கிரம் சிவக்கும். நீளமாக அரியாமல் பொடியாக நறுக்குங்கள். தக்காளி மூன்று. இன்லே ஏரித் தக்காளி என்றால் கொஞ்சம் புளிக்கும், அப்போது தயிரில் ஒரு கரண்டி குறைத்துவிடுங்கள். தக்காளியைத் துருவியில் தேய்த்தால் தோல் கையோடு நின்றுவிடும், கூழ் மட்டும் விழும்.

எண்ணெய்க்குப் பஞ்சாபில் கடுகெண்ணெயோ நெய்யோதான். கடுகெண்ணெய் என்றால் புகை வரக் காய்ச்சி, அடுப்பைத் தணித்து, பிறகுதான் தாளிக்க வேண்டும். இல்லாவிட்டால் மூக்கைக் குத்தும். பீஜி இங்கத்திய கடலை எண்ணெய்க்கு எப்போதோ மாறிவிட்டார், நானும் அதுதான். ஆறு மேசைக்கரண்டி ஊற்றுங்கள். அதிகமாகத் தெரியும், குறைக்காதீர்கள். ஏன் என்று கொஞ்ச நேரத்தில் தெரியும்.

அடிகனமான சட்டியில் எண்ணெய் காய்ந்ததும் பிரிஞ்சி இலை ஒன்று, தட்டிய கறுப்பு ஏலக்காய் இரண்டு, ஓர் அங்குலப் பட்டை, கிராம்பு நான்கு, சீரகம் ஒரு டீஸ்பூன். சீரகம் பொரிந்ததும் வெங்காயம், ஒரு சிட்டிகை உப்பு. இனி அவசரப்படவே கூடாது. இருபது, இருபத்தைந்து நிமிஷம் மிதமான தீ. முதல் ஐந்து நிமிஷம் வெங்காயம் சளசளவென்று நீர் விட்டுக்கொண்டு கிடக்கும். அப்புறம் சத்தம் மாறும், எண்ணெயில் பொரிகிற சன்னமான சத்தம் கேட்கும். அப்போதிலிருந்து கரண்டியைக் கீழே வைக்காதீர்கள். பொன்னிறம் வந்ததும் நிறுத்திவிடத் தோன்றும். அது நம் வீட்டுக் குழம்புக்குச் சரி, இதற்குப் போதாது. பனைவெல்லக் கட்டியின் நிறம் வர வேண்டும். ஓரம் கறுத்தால் தாண்டிவிட்டது, இரண்டு கரண்டி தண்ணீர் தெளித்துக் கிளறுங்கள், அடங்கும்.

இப்போது மீதி இஞ்சி பூண்டு. பச்சை வாசனை போக இரண்டு நிமிஷம். தீயைக் குறைத்து மல்லித்தூள் ஒரு மேசைக்கரண்டி, சீரகத்தூள் ஒரு டீஸ்பூன், மிளகாய்த்தூள் ஒன்றரை டீஸ்பூன், அல்லது அரைத்த வத்தல் விழுது, மஞ்சள் கால் டீஸ்பூன். கூடவே இரண்டு கரண்டி தண்ணீர் ஊற்றுங்கள், தூள் கருகாது. அரை நிமிஷத்தில் தக்காளிக் கூழைச் சேருங்கள்.

இந்தக் கறியின் உயிர் இங்கேதான் இருக்கிறது. மசாலாவை வதக்குவதைப் பஞ்சாபியில் ‘புன்னா’ என்பார்கள். நான் முதல் நாள் தக்காளி வெந்ததுமே கோழியைப் போடக் கையை நீட்டினேன். பீஜி என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். சட்டியை ஒரு பக்கமாகச் சாய்த்துக் காட்டினார். மசாலா முழுக்க ஒரே சேறாகச் சரிந்தது, எண்ணெய் கண்ணில் படவே இல்லை. மறுபடி கிளறச் சொன்னார். ஐந்து நிமிஷம் கழித்துச் சாய்த்தார், இல்லை. இன்னும் ஐந்து நிமிஷம். மசாலா ஒட்டாமல் உருண்டு ஒரு பக்கம் ஒதுங்கியது, ஓரத்தில் சிவப்பு எண்ணெய் மினுமினுவென்று தேங்கி நின்றது. அப்போதுதான் ‘ஸீப்யன்’ என்றார். பர்மியச் சமையலில் எல்லாரும் சொல்கிற வார்த்தை அது. எண்ணெய் திரும்பி வந்துவிட்டது என்று பொருள். தண்ணீர் சுண்டி, ஊற்றிய எண்ணெய் மேலே திரும்பி வரும்வரை காத்திருப்பதுதான் பர்மியக் கறிக்கும் முறை. என் அம்மாவும் மீன் குழம்புக்கு எண்ணெய் பிரிந்ததா பார் என்றுதான் சொல்வார். ஒரு பஞ்சாபிப் பாட்டி பர்மிய வார்த்தையில் எனக்கு என் அம்மாவின் பாடத்தைச் சொன்ன அந்த நிமிஷத்தை நான் மறக்கவே மாட்டேன்.

ஆகவே நேரத்தைப் பார்க்காதீர்கள், சட்டியைச் சாய்த்துப் பாருங்கள். சாதாரணமாகப் பத்துப் பன்னிரண்டு நிமிஷம் ஆகும். எண்ணெயைக் குறைத்தவர்களுக்கு இந்த அடையாளம் தெரியவே தெரியாது, அதனால்தான் ஆறு கரண்டி சொன்னேன். வேண்டாதவர்கள் கறி முடிந்த பிறகு மேலாக வழித்து எடுத்துக்கொள்ளலாம்.

எண்ணெய் திரும்பியதும் கோழியை ஊறிய தயிரோடு போட்டு, தீயைக் கூட்டி, எட்டுப் பத்து நிமிஷம் புரட்டுங்கள். முதலில் தயிர் நீர்த்துப்போய் எல்லாம் கலங்கினாற்போல இருக்கும், பயப்பட வேண்டாம். அந்த நீரும் சுண்டி, துண்டுகளின் மேல் மசாலா பூசினாற்போல ஒட்டும், மறுபடி எண்ணெய் தெரியும். பிறகு கொதிக்கிற தண்ணீர் ஒன்றரைக் கப், நீளக் கீறிய பச்சைமிளகாய் இரண்டு, உப்புப் பார்த்து, மூடிபோட்டுச் சிறு தீ. பிராய்லர் இருபது இருபத்தைந்து நிமிஷத்தில் வெந்துவிடும். நாட்டுக்கோழிக்கு முக்கால் மணியிலிருந்து ஒரு மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள், நடுவில் வெந்நீர் கொஞ்சம் சேர்க்க வேண்டிவரும்.

நம் கை எங்கே தவறும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். சோம்பு டப்பா பக்கம் போகும், கறிவேப்பிலை கிள்ளப் போகும், கடைசியில் தேங்காய்ப்பால் ஊற்றலாமா என்று மனசு கேட்கும். மூன்றும் நல்ல சாமான்தான், நம் கோழிக் குழம்புக்கு. இதில் சோம்பு விழுந்தால் பஞ்சாபின் வாசனை போய், செட்டிநாட்டுக்கும் இதற்கும் நடுவில் எதுவோ ஒன்று வந்து நிற்கும். ங்கன்பியாயே என்கிற பர்மிய மீன் சாற்றை ஊற்றுகிற வீடுகளும் உண்டு. இதற்கு வேண்டாம்.

கரம் மசாலாவைக் கடைசியில் சேர்க்க வேண்டும், வீட்டில் இடித்ததாக இருந்தால் நல்லது. சீரகம் இரண்டு மேசைக்கரண்டி, தனியா ஒன்று, கறுப்பு ஏலக்காய் இரண்டு, பச்சை ஏலக்காய் ஆறு, கிராம்பு எட்டு, மிளகு ஒரு டீஸ்பூன், இரண்டு அங்குலப் பட்டை. வெறும் சட்டியில் சூடேற மட்டும் வறுத்து இடித்து, காற்றுப் புகாத பாட்டிலில் வைத்தால் ஒரு மாதம் மணம் இருக்கும். கோழி வெந்ததும் இதில் முக்கால் டீஸ்பூன் தூவி, கசூரி மேத்தி ஒரு டீஸ்பூனை உள்ளங்கையில் வைத்துக் கசக்கிப் போட்டு, அடுப்பை அணைத்து, மூடிப் பத்து நிமிஷம் விட்டுவிடுங்கள். மேலே மல்லித்தழை.

பஞ்சாபில் ரொட்டிதான். பீஜி வீட்டில் சுடச் சுட ரொட்டி, பக்கத்தில் கையால் நசுக்கிய பச்சை வெங்காயம், முள்ளங்கி, எலுமிச்சை. என் பிள்ளைகளுக்குச் சோறுதான் பிடிக்கும், அதனால் தரியைச் சற்றுத் தளர வைப்பேன். காலையில் டீக்கடையிலிருந்து நான்பியா என்கிற நான் ரொட்டி நாலு வாங்கிவந்து தொட்டுக்கொண்டாலும் நன்றாகச் சேரும்.

மிஞ்சினால் மறுநாள் இன்னும் ருசி. கரண்ட் இல்லாத நாளில் ராத்திரி படுக்கும் முன்னும் காலையில் எழுந்ததும் நன்றாகக் கொதிக்கவிட்டு மூடிவையுங்கள், இடையில் கரண்டி போடாதீர்கள். கோழித் துண்டு தீர்ந்து தரி மட்டும் கிடந்தால் நாலு முட்டை அவித்து, தோலை உரித்து, கத்தியால் இரண்டு கீறல் போட்டு அதில் ஐந்து நிமிஷம் கொதிக்கவிடுங்கள். பீஜி திங்கட்கிழமை அதைத்தான் செய்வார், ஒரு கிண்ணம் எங்கள் வீட்டுக்கும் வரும்.