மூன்றடி மணற்சிற்பம்: அடித்தளம் முதல் செதுக்கல் வரை

கரையில் ஈரக்கோட்டுக்குப் பத்தடியாவது மேலே இடம் பாருங்கள். ஓதம் ஏறினால் வேலை பாதியில் போய்விடும். ஒரு பிடி ஈரமணலை உருண்டையாக்கி உள்ளங்கையில் உருட்டுங்கள். உதிர்ந்தால் அந்த மணல் ஆகாது. பருமணல் கண்ணுக்கு அழகு, வேலைக்கு உதவாது.

சிற்பம் நிற்பதும் விழுவதும் இறுக்குவதில்தான். இருபது லிட்டர் பெயின்ட் வாளியின் அடியை அறுத்து, அகன்ற வாய் கீழே இருக்கும்படி வையுங்கள். அரையடி மணல், அது முழுக்க நனையும்வரை தண்ணீர், பிறகு கட்டையால் குத்தல். இதையே அடுக்கடுக்காகச் செய்யுங்கள். மணல் மணிகளுக்கிடையே உள்ள மெல்லிய நீர்ப்படலம்தான் அவற்றைப் பிடித்துவைக்கிறது. நடுவில் ஓர் அடுக்கு காய்ந்திருந்தால் சரியாக அங்கேதான் பிளக்கும். மூன்றடிக்கு ஒரு வாளி போதாது. கீழே பலகைச் சட்டம் அடித்து நிரப்பி, அதன்மேல் வாளியை ஏற்றுங்கள். தண்ணீர் வடிய அரைமணி நேரம் விட்டு, முதலில் வாளியை மட்டும் உருவுங்கள்.

எப்போதும் மேலிருந்து கீழே செதுக்குங்கள். உதிரும் மணல் முடித்த பகுதியைக் கெடுக்காது. கொத்தனார் கரண்டி, பழைய கத்தி, ஊதித் தள்ள ஸ்ட்ரா போதும். கழுத்தை மெல்லியதாக்கும் ஆசை வேண்டாம். ஒடிசாவின் புரி கடற்கரையில் மணற்சிற்பக் கலைஞர் சுதர்சன் பட்நாயக் செய்யும் உருவங்கள் பலவும் சரிவான மேட்டில் புடைப்பாக எழுபவை. தொடங்குவோருக்கு அதுவே பத்திரமான வழி.

காற்றடித்தால் பூவாளியால் அல்ல, ஸ்பிரேயரால் நனையுங்கள். மணல் தோண்டிய குழியை மூடிவிட்டே கிளம்புங்கள்.