மொத்த நிகழ்தகவு விதி: கணக்கை எந்த இடத்தில் பிரிப்பது?

ஐந்து பேர் இருக்கிறார்கள். கையில் ஒரே ஒரு கிரிக்கெட் டிக்கெட்தான் இருக்கிறது. ஐந்து துண்டுச் சீட்டுகளில் ஒன்றில் மட்டும் குறி போட்டு, எல்லாவற்றையும் மடித்துக் குலுக்கிப் போடுகிறோம். முதலாமவர் ஒரு சீட்டை எடுத்துக் கையில் வைத்துக்கொள்கிறார். மீதமுள்ள நான்கிலிருந்து இரண்டாமவர் எடுக்கிறார். "முதலில் எடுப்பவருக்குத்தானே வாய்ப்பு அதிகம்?" என்று உடனே ஒரு சண்டை கிளம்பும். அதைத் தீர்க்க, இரண்டாமவருக்குக் குறியிட்ட சீட்டு கிடைப்பதற்கான நிகழ்தகவு நமக்குத் தெரிய வேண்டும். ஆனால் அது முதலாமவர் கையில் என்ன இருக்கிறது என்பதைப் பொறுத்தது. அதுவோ நமக்குத் தெரியாது. இப்படித் தெரியாத ஒன்றின் மேல் விடை தொங்கிக்கொண்டிருக்கும் கணக்குகளுக்கு உரிய கருவிதான் மொத்த நிகழ்தகவு விதி.

விதி

பி என்ற நிகழ்ச்சி நடந்துவிட்டது என்று தெரிந்த நிலையில் அ நடப்பதற்கான நிகழ்தகவைச் சார்புநிலை நிகழ்தகவு என்கிறோம். நிபந்தனை நிகழ்தகவு என்று சொல்வோரும் உண்டு. அதை நி(அ | பி) என்று எழுதுவோம்.

நி(அ | பி) = நி(அ, பி இரண்டும்) ÷ நி(பி)

இதையே திருப்பி எழுதினால், நி(அ, பி இரண்டும்) = நி(பி) × நி(அ | பி) என்று கிடைக்கும். இப்போது கூறுவெளி (நடக்கக்கூடிய எல்லா விளைவுகளின் தொகுப்பு) முழுவதையும் ஒன்றையொன்று விலக்கும் பிரிவுகளாக, எதுவும் விடுபடாமல், பி₁, பி₂, பி₃ என்று பிரித்துவிட்டால், அ நடக்கும் ஒவ்வொரு முறையும் அது இவற்றுள் ஏதேனும் ஒன்றோடு மட்டுமே சேர்ந்து நடந்திருக்க வேண்டும். ஆகவே துண்டுகளைக் கூட்டினால் போதும்:

நி(அ) = நி(பி₁) × நி(அ | பி₁) + நி(பி₂) × நி(அ | பி₂) + நி(பி₃) × நி(அ | பி₃)

சூத்திரத்தை மனப்பாடம் செய்வது கடினமல்ல. எந்தப் பிரிவுகளை எடுப்பது என்று தேர்ந்தெடுப்பதில்தான் கணக்கின் உயிர் இருக்கிறது. நான் ஒவ்வொரு கணக்கிலும் என்னையே கேட்டுக்கொள்ளும் கேள்வி இது: "எந்த ஒரு செய்தியை யாராவது என் காதில் சொல்லிவிட்டால் இந்தக் கணக்கு சுலபமாகிவிடும்?" அந்தச் செய்திக்கு இருக்கக்கூடிய விடைகளே நம் பிரிவுகள்.

சீட்டுக் கணக்கு

படி 1: பிரிவைத் தேர்ந்தெடுங்கள். முதலாமவருக்குக் குறி கிடைத்ததா என்று தெரிந்தால் கணக்கு முடிந்துவிடும். எனவே கிடைத்தது, கிடைக்கவில்லை என்று இரண்டு பிரிவுகள்.

படி 2: பிரிவுகளின் எடைகளை, அதாவது ஒவ்வொரு பிரிவும் நேர்வதற்கான நிகழ்தகவை, எழுதுங்கள். கிடைத்திருக்க 1/5, கிடைக்காதிருக்க 4/5. கூட்டினால் 1 வருகிறதா என்று இங்கேயே பார்த்துவிடுங்கள்.

படி 3: ஒவ்வொரு பிரிவுக்குள்ளும் நின்று சார்புநிலை நிகழ்தகவை எழுதுங்கள். முதலாமவருக்குக் கிடைத்திருந்தால் இரண்டாமவருக்கு 0. இல்லையென்றால் நான்கு சீட்டில் ஒன்று, அதாவது 1/4.

படி 4: பெருக்கிக் கூட்டுங்கள். 1/5 × 0 + 4/5 × 1/4 = 1/5.

முதலாமவருக்கும் 1/5, இரண்டாமவருக்கும் 1/5. மூன்றாமவருக்கு, "முந்திய இருவரில் ஒருவருக்குக் கிடைத்துவிட்டது" என்பதற்கு எடை 2/5, "இருவருக்கும் கிடைக்கவில்லை" என்பதற்கு 3/5 என்று பிரித்தால், 2/5 × 0 + 3/5 × 1/3 = 1/5 என்றுதான் வரும். சண்டைக்கு இடமில்லை.

விடையைச் சரிபார்க்க ஒரு வழி உண்டு. இந்த விதி தருவது எடையிட்ட சராசரி என்பதால், இறுதி விடை படி 3-இல் எழுதிய எண்களுள் மிகச் சிறியதற்கும் மிகப் பெரியதற்கும் இடையில்தான் விழ வேண்டும். 1/5 என்பது 0-க்கும் 1/4-க்கும் நடுவில் இருக்கிறது. வெளியே போனால் எடைகளில் பிழை இருக்கிறது என்று பொருள்.

இரண்டு டப்பாக்கள்

முதல் டப்பாவில் 4 சிவப்புக் கோலிகளும் 1 வெள்ளைக் கோலியும், இரண்டாவதில் 3 சிவப்பும் 12 வெள்ளையும் இருக்கின்றன. நாணயத்தைச் சுண்டி ஒரு டப்பாவைத் தேர்ந்தெடுத்து, பார்க்காமல் ஒரு கோலியை எடுக்கிறோம். அது சிவப்பாக இருக்க நிகழ்தகவு என்ன?

புதிதாகக் கற்பவர்கள் பலர் மொத்தம் 20 கோலி, சிவப்பு 7, ஆகவே 7/20 என்று எழுதிவிடுகிறார்கள். டப்பாக்களைப் பிரிவுகளாகக் கொண்டால் விடை 1/2 × 4/5 + 1/2 × 1/5 = 1/2. எல்லாவற்றையும் ஒரே பாத்திரத்தில் கொட்டி எடுத்திருந்தால் 7/20 சரியாகத்தான் இருந்திருக்கும். அப்போது எடுத்த கோலி முதல் டப்பாவினுடையதாக இருக்க 5/20, இரண்டாவதினுடையதாக இருக்க 15/20 என்று எடைகள் மாறும். நாணயமோ, கோலி எத்தனை இருக்கிறது என்று பார்க்காமல் இரண்டு டப்பாவுக்கும் சரிபாதி தருகிறது. எடை எங்கிருந்து வருகிறது என்று கவனியாமல் எண்ணத் தொடங்குவதுதான் இந்தப் பாடத்தில் அடிக்கடி நடக்கும் தவறு.

இதே கணக்கை இன்னும் ஓர் அடி நகர்த்துவோம். எடுத்த கோலி சிவப்பு என்று தெரிந்துவிட்டது. அதைத் திரும்பப் போடாமல், அதே டப்பாவிலிருந்து இன்னொன்றை எடுத்தால் அதுவும் சிவப்பாக இருக்க நிகழ்தகவு என்ன? டப்பாதான் இப்போதும் பிரிவு. ஆனால் எடைகள் இனி 1/2, 1/2 அல்ல, ஏனென்றால் சிவப்பு வந்ததே நாம் முதல் டப்பாவில் கை விட்டிருக்கிறோம் என்பதற்கு ஒரு சாட்சி. முதல் டப்பாவின் புதிய எடை (1/2 × 4/5) ÷ 1/2 = 4/5; இரண்டாவதின் எடை 1/5. தாமஸ் பேயஸ் 1761-இல் மறைந்த பிறகு, அவருடைய நண்பர் ரிச்சர்டு பிரைஸின் முயற்சியால் 1763-இல் வெளிவந்த கட்டுரையின் பெயரால் நாம் பேயஸ் தேற்றம் என்று அழைப்பது இந்தச் சிறு வகுத்தலைத்தான்.

முதல் டப்பாவில் இப்போது 4 கோலியில் 3 சிவப்பு. இரண்டாவதில் 14-இல் 2 சிவப்பு. ஆகவே 4/5 × 3/4 + 1/5 × 1/7 = 22/35, அதாவது ஏறத்தாழ 0.63. பழைய எடைகளையே வைத்துக் கணக்கிட்டவருக்கு 25/56, ஏறத்தாழ 0.45 என்று வந்திருக்கும். நிபந்தனை ஒன்று தரப்பட்டால் படி 2, படி 3 இரண்டிலுமே அது நுழைய வேண்டும்.

தாயக்கட்டை

இரண்டு தாயக்கட்டைகளை உருட்டுகிறோம். ஒவ்வொன்றிலும் 1, 2, 3, வெறுமை என்று நான்கு முகங்கள். ஒன்றில் வெறுமையும் மற்றதில் 1-உம் விழுந்தால் தாயம். நான்கு முகங்களும் சமவாய்ப்புடையவை என்று கொண்டால், 16 விளைவுகளில் தாயத்துக்கு 2, ஆகவே 1/8. தாயம் விழுந்தால்தான் காய் இறக்கலாம். இருவர் மாறி மாறி உருட்டினால், முதலில் உருட்டுபவரே முதலில் காய் இறக்குவதற்கான நிகழ்தகவு என்ன?

ஆட்டம் எத்தனை உருட்டலில் முடியும் என்று தெரியாததால் முடிவில்லாத தொடர் ஒன்றைக் கூட்ட வேண்டும் போலத் தோன்றும். தேவையில்லை, முதல் உருட்டலைக் கொண்டு பிரித்தால் போதும். தேடும் நிகழ்தகவை வெ என்போம். தாயம் விழுந்தால் (1/8) வேலை முடிந்தது. விழாவிட்டால் (7/8) கட்டை எதிராளி கைக்குப் போகிறது. இப்போது முதலில் உருட்டுபவர் அவர் என்பதால் அவருக்கு வெ, நமக்கு 1 − வெ.

வெ = 1/8 × 1 + 7/8 × (1 − வெ)

தீர்த்தால் வெ = 8/15, ஏறத்தாழ 0.533.

5, 6, 12 விழுந்தால் காய் இறங்காவிட்டாலும் திரும்ப உருட்டலாம் என்று ஆடும் வீடுகளும் உண்டு. (12 என்பது இரண்டும் வெறுமையாக விழுவது.) அந்த வீடுகளில் பிரிவுகள் மூன்றாகின்றன: தாயம் (16-இல் 2); 5, 6, 12 சேர்ந்து (16-இல் 4); மீதியான 2, 3, 4 சேர்ந்து (16-இல் 10). நடுப்பிரிவில் கட்டை நம் கையிலேயே இருப்பதால் அங்கே சார்புநிலை நிகழ்தகவு மீண்டும் வெ.

வெ = 1/8 + 1/4 × வெ + 5/8 × (1 − வெ)

இதன் விடை 6/11, ஏறத்தாழ 0.545. திரும்ப உருட்டும் சலுகை இருவருக்கும் ஒன்றேயானாலும், முதலில் உருட்டுபவருக்குத்தான் கூடுதல் ஆதாயம்.

பயிற்சிக்கு: சலுகை இல்லாத ஆட்டத்தை மூன்று பேர் ஆடினால் முதலாமவருக்கு 64/169 வர வேண்டும். முதல் உருட்டல் வீணானதும் முதலாமவர் மூன்றாமிடத்துக்குப் போய்விடுகிறார் என்பதைக் கவனித்து, மூன்று இடங்களுக்கும் தனித்தனி எழுத்துகளை வைத்துத் தொடங்குங்கள்.