வங்காள நாவலும் படமும்: கடைசி அத்தியாயத்தை மடித்து வையுங்கள்

கதை முன்பே தெரிந்துவிட்டால் படத்தில் என்ன சுவை என்று கேட்பவர்கள் உண்டு. வங்காள இலக்கியத்திலிருந்து வந்த படங்களில் விஷயம் தலைகீழ். தாகூர் கதை என்றால் அங்கே பலருக்கும் அது ஏற்கெனவே தெரியும். இயக்குநரும் அதை நம்பித்தான் கை வைக்கிறார். எங்கே கை வைத்தார் என்று பார்ப்பதுதான் நம் வேலை. அதற்கு நான் பின்பற்றும் வழி இது.

முதல் படி: சின்னதாக ஒரு ஜோடி

எடுத்த எடுப்பில் பெரிய நாவல் வேண்டாம். தாகூர் 1901இல் எழுதிய 'நஷ்டநீட்' குறுநாவலை ஒரே மாலையில் படித்துவிடலாம். சத்யஜித் ரே அதை 1964இல் 'சாருலதா' ஆக்கினார். பழைய படம்தான். ஆனால் புதிய படங்கள் பலவற்றுக்கும் இலக்கணம் இங்கேதான் இருக்கிறது.

படிக்கும்போது ஒரு நிபந்தனை: கடைசி அத்தியாயம் வந்ததும் புத்தகத்தை மூடிவிடுங்கள். படத்தைப் பார்த்துவிட்டு வந்து அதைப் படியுங்கள். படத்தின் முடிவில் கணவனும் மனைவியும் நீட்டிய கைகள் தொடாமலேயே உறைந்து நிற்கும். கதையிலோ, கணவன் பூபதி பத்திரிகை வேலைக்காக மைசூருக்குக் கிளம்புகிறான். என்னையும் கூட்டிப் போ என்கிறாள் சாரு. அவன் தயங்குகிறான். பிறகு மனம் மாறி, சரி வா என்கிறான். அவள் சொல்லும் பதில்: "வேண்டாம், இருக்கட்டும்." மைசூரே இல்லாமல் அந்த ஒரு சொல்லின் பாரத்தை இரண்டு கைகளில் ரே கொண்டுவந்திருப்பது, வரிசையை மாற்றிப் படித்தால்தான் உறைக்கும்.

இரண்டாம் படி: பெயரும் உறவும்

இதைச் செய்யாவிட்டால் பாதியில் குழம்புவீர்கள். நாம் 'வ' போடும் இடத்தில் வங்காளிகள் 'ப' என்பார்கள். தமிழாக்கத்தில் விமலா, வினோதினி, விஹாரி என்று படித்தவர்கள் திரையில் பிமலா, பினோதினி, பிஹாரி ஆகிவிடுவார்கள். ஆள் அதேதான்.

உறவுமுறையில் நமக்கு ஒரு வசதி உண்டு. பூபதிக்குத் தம்பி முறையான அமல் சாருவை 'பௌட்டான்' என்று கூப்பிடுவான், நம்முடைய அண்ணி. கணவனின் தம்பி முறையில் இருப்பவனை 'டாகுர்போ' என்பார்கள், கொழுந்தன். ஆங்கில வசனவரிகளில் இது பெரும்பாலும் வெறும் பெயராகச் சுருங்கிவிடும். அண்ணி-கொழுந்தன் கேலியின் எல்லை எது, அது எங்கே மீறப்படுகிறது என்பது நம் வீடுகளில் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அதனால் காதைத் தீட்டிக்கொண்டு கேளுங்கள்.

தமிழாக்கம் தேடுபவர்கள் த.நா. குமாரசாமி, த.நா. சேனாபதி சகோதரர்களின் பெயரில் தொடங்கலாம். வங்காளம் கற்று மூலத்திலிருந்தே மொழிபெயர்த்தவர்கள்.

மூன்றாம் படி: 'சோகேர் பாலி'

இப்போது தாகூரின் பெரிய நாவல். நூலாக வந்தது 1903இல். ரித்துபர்ணோ கோஷின் படம் சரியாக நூறு ஆண்டு கழித்து, 2003இல். தலைப்புக்குக் கண்ணில் விழுந்த மணல் என்று பொருள். ஆஷாவும் இளம் விதவை பினோதினியும் தோழிகளாகி ஒருவரையொருவர் இப்படித்தான் செல்லமாகக் கூப்பிட்டுக்கொள்கிறார்கள். யார் கண்ணில் யார் மணல் என்பது பிறகு தெரியும்.

பார்க்கும்போது இரண்டைக் கவனியுங்கள். ஒன்று, பினோதினியின் கையில் இருக்கும் தொலைநோக்கி. சாருலதாவும் இப்படித்தான் ஒரு கண்ணாடியை வைத்துக்கொண்டு ஜன்னல் வழியாகத் தெருவைப் பார்த்தாள். இவள் பார்ப்பது அடுத்தவர் படுக்கையறையை. இரண்டாவது, நிறம். விதவையின் வெள்ளைப் புடவைக்குப் பக்கத்தில் சிவப்பு வரும் ஒவ்வொரு தடவையும் ஏதோ ஒன்று உடைகிறது. (ஐஸ்வர்யா ராய்க்குக் குரல் கொடுத்தவர் ஸ்ரீலா மஜும்தார். உதட்டையே பார்த்துக்கொண்டிருக்காதீர்கள்.)

முடிவுக்கு வருவோம். நாவலில் ஆஷா கணவனின் நண்பன் பிஹாரி பினோதினியை மணக்கக் கேட்கிறான். அவள் மறுத்து, எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டுவிட்டுக் காசிக்குப் போகிறாள். அந்த முடிவு தாகூருக்கே பின்னாளில் உறுத்தியது. எழுத்தாளர் புத்ததேவ போஸுக்கு எழுதிய கடிதத்தில் வருந்தியிருக்கிறார். ரித்துபர்ணோ அந்த வருத்தத்தைப் படத்தின் தொடக்கத்திலேயே போட்டுவிட்டு, ஆசிரியரே தந்த அனுமதிச் சீட்டாக எடுத்துக்கொள்கிறார். படத்தின் பினோதினி மன்னிப்புக் கேட்பதில்லை. ஒரு கடிதத்தை எழுதி வைத்துவிட்டுக் காணாமல் போகிறாள். எனக்குப் படத்தின் முடிவுதான் பிடிக்கும். கடைசி அத்தியாயத்தைப் படித்துவிட்டு நீங்கள் சண்டைக்கு வரலாம்.

நான்காம் படி: ஒரு நாவல், இரண்டு படம்

'கரே பாய்ரே' (வீடும் வெளியும்) 1916இல் வந்த தாகூர் நாவல். பின்னணி 1905 வங்கப் பிரிவினையை ஒட்டிய சுதேசி இயக்கம். பிமலா, அவள் கணவன் நிகிலேஷ், அவன் நண்பன் சந்தீப் மூவரும் மாறி மாறித் தங்கள் பக்கத்தைச் சொல்வார்கள். ரே 1984இல் எடுத்தார். அபர்ணா சென் 2019இல் 'கரே பாய்ரே ஆஜ்' என்று கதையை இன்றைய டெல்லிக்கே கொண்டுபோய்விட்டார். ஜமீன்தார் நிகிலேஷ் அங்கே பத்திரிகை ஆசிரியர். சுதேசிப் பேச்சாளர் சந்தீப் இந்துத்துவ அரசியல்வாதி. பிமலா பிருந்தா ஆகிறாள், தலித்தாகப் பிறந்தவள். வசனம் அதிகம், சில இடங்களில் தலையங்கம் படிக்கிற மாதிரி இருக்கும். ஆனால் பிறப்பை மாற்றியதில் 'வீடு', 'வெளி' என்ற இரண்டு சொற்களுக்குமே வேறு அர்த்தம் வந்துவிடுகிறது.

நாவலின் முடிவில் நிகிலேஷ் தலையில் பலத்த அடியோடு கொண்டுவரப்படுகிறான். பிழைப்பானா என்று தாகூர் சொல்லவில்லை. ரே சொல்லிவிட்டார்: பிமலாவின் வண்ணப் புடவை வெள்ளையாகிறது. 2019இன் முடிவை நான் சொல்லப்போவதில்லை.

அப்புறம்?

சுப்ரஜித் மித்ராவின் 'அபிஜாத்ரிக்' பார்க்கலாம். வங்காள எழுத்தாளர் விபூதிபூஷணின் 'அபராஜிதோ' நாவலில் ரே தொடாமல் விட்ட கடைசிப் பகுதி, கறுப்பு வெள்ளையில். தாகூரின் 'தாஷேர் தேஷ்' நாட்டிய நாடகத்தை 2012இல் 'க்யூ' என்ற இயக்குநர் எடுத்த படமும் இருக்கிறது. அதைக் கொஞ்சம் தள்ளிப் போடுங்கள். முதலில் அதில் போய் மாட்டினால் பாதியில் எழுந்துவிடுவீர்கள்.